வழக்கு நடக்கையில் எழும் சுவர்

வெள்ளிக்கிழமை மாலை நீதிமன்றத்தின் கதவு சாத்தப்படுகிறது. திங்கட்கிழமை காலையில்தான் அது மீண்டும் திறக்கும். இடையிலுள்ள பொழுது வேறு யாருக்குப் பயன்படுகிறதோ இல்லையோ, வழக்கிலுள்ள மனையில் கட்டடம் எழுப்ப நினைப்பவருக்குப் பெரிதும் பயன்படுகிறது. செங்கல்லும் ஜல்லியும் வியாழனன்றே வந்து இறங்கிவிடும். கொத்தனாருக்கு இரட்டைக் கூலி பேசப்பட்டிருக்கும். ஜும்ஆத் தொழுகை முடிந்து வந்த கையோடு வானம் தோண்டுவார்கள். எதிர்த்தரப்பார் திங்கட்கிழமை வக்கீலைத் தேடி ஓடுவதற்குள் சுவர் மார்பளவு நின்றிருக்கும். உரிமையியல் நீதிமன்றங்களுக்குக் கோடை விடுமுறை விடும் மே மாதமோ இத்தகையவர்களுக்கு அறுவடைக் காலம். அவசர மனுக்களைக் கேட்க விடுமுறைக் கால நீதிபதி ஒருவர் இருப்பார் என்பதை அறிந்தவர்கள் குறைவு. அறிந்தவர்களிலும் அவரை அணுகும் வசதி படைத்தவர்கள் இன்னும் குறைவு.

இவ்வாறு கட்டுவோர் எல்லாரும் அயோக்கியர்கள் என்று நாம் சொல்ல வரவில்லை. ஐவேளைத் தொழுகையைத் தவற விடாதவர்கள், ஜகாத்தைக் காசு பிசகாமல் கணக்கிட்டுக் கொடுப்பவர்கள், பிறர் தோட்டத்து மாங்காயைத் தொடவும் கூசுகிறவர்கள் இதைச் செய்கிறார்கள். “என் இடத்தில் நான் கட்டுகிறேன், இதில் என்ன பாவம்?” என்று அவர்கள் கேட்கும்போது அக்கேள்வியில் பாசாங்கு இல்லை. இடம் பிறருடையது என்று தெரிந்தே கட்டுகிறவருக்கு விடை எளிது. அநியாயமாக ஒரு சாண் நிலத்தைக் கவர்ந்தவனின் கழுத்தில் மறுமை நாளில் ஏழு பூமிகள் மாலையாக இடப்படும் என்னும் கருத்தில் அமைந்த நபிமொழியை நம் வீட்டுச் சிறுவர்களும் அறிவார்கள். நாம் இங்கே எடுத்துக்கொள்வது அதைவிடச் சிக்கலான நிலை. இடம் யாருடையது என்பது இன்னும் முடிவாகவில்லை, நீதிமன்றம் விசாரித்துக்கொண்டிருக்கிறது. தன்னுடையதே என்று உளமார நம்புகிற ஒருவர், தீர்ப்பு வருமுன் அதில் கட்டலாமா? தீர்ப்பும் அவருக்கே சாதகமாக வந்துவிட்டால், அவர் கட்டியதில் குற்றமென்று ஏதேனும் மிஞ்சுமா?

காவிரிப் படுகையில் நாம் நன்கறிந்த ஓர் ஊரில் நடந்ததை முதலில் சொல்லிவிடுகிறோம். ஒரு மகன், இரு மகள்களை விட்டுத் தந்தையார் மவுத்தானார். தாயார் முன்னரே காலமாகிவிட்டார். சொத்து என்று இருந்தது நாற்பது செண்ட் மனை. தெருவைப் பார்த்த முன்பகுதியில் பழைய ஓட்டு வீடு, பின்னால் கிணறு, சில தென்னைகள், வேலியை ஒட்டி வாய்க்கால். ஃபராயிள் கணக்கைப் போட எந்த ஆலிமும் தேவையில்லை. மகனுக்கு இருபது, மகள்கள் ஒவ்வொருவருக்கும் பத்து. ஆனால் மகன், தந்தையார் உயிரோடிருக்கும்போதே வீட்டையும் மனையையும் தமக்கு வாய்மொழியாக ஹிபாச் செய்துவிட்டார் என்றார். சகோதரிகளுக்கு நகையும் சீரும் செய்து கட்டிக் கொடுத்தபோதே அவர்கள் கணக்கு தீர்ந்துவிட்டது என்பதும் அவர் நம்பிக்கை. தந்தையார் அப்படி ஏதும் சொன்னதாகத் தமக்குத் தெரியாது என்றார்கள் சகோதரிகள். மூத்தவர் பாகப் பிரிவினை வழக்குத் தொடுத்தார்.

வெளிநாட்டில் பல ஆண்டுகள் உழைத்துச் சேர்த்த பணம் தம்பியின் கையில் இருந்தது. அழைப்பாணை வந்து மூன்றாம் ஆண்டில் ஓட்டு வீட்டை இடித்து, அதே இடத்தில் இரண்டடுக்குக் காரை வீடு கட்டலானார். தடையுத்தரவு கேட்டுச் சகோதரி போட்ட மனு வாய்தா மேல் வாய்தாவாகத் தள்ளிப் போய்க்கொண்டிருந்தது. கட்டடம் மட்டும் எந்த வாய்தாவும் கேட்கவில்லை. வீடு முடிந்ததும் தம்பியே அக்காள் வீட்டு வாசலில் போய் நின்றார். “அக்கா, வழக்கு வழக்காக இருக்கட்டும். நீங்கள் வந்துதான் பால் காய்ச்ச வேண்டும்” என்றார். அவர் கேலிக்காகச் சொல்லவில்லை, உண்மையாகவே அழைத்தார். அக்காள் போகவில்லை. அதற்காக ஊரில் பலர் அக்காளைத்தான் குறை கூறினர்.

ஆண்டுகள் கழித்துத் தீர்ப்பு வந்தது. ஹிபா மெய்ப்பிக்கப்படவில்லை. மகனுக்குப் பாதி, மகள்களுக்குக் கால் கால் என முதனிலைத் தீர்ப்பாணை ஆயிற்று. பிறகு நிலத்தை அளந்து பிரிக்க வழக்கறிஞர் ஆணையர் ஒருவர் வந்தார். மனையின் முகப்பு முழுவதையும் புதிய வீடு அடைத்துக்கொண்டிருந்தது. கட்டிய பங்காளிக்குக் கட்டிய பகுதியையே ஒதுக்குவது, அதனால் மற்றவர்க்கு வரும் மதிப்புக் குறைவைப் பணத்தால் ஈடு செய்வது என்பது பிரிவினை வழக்குகளில் நீதிமன்றங்கள் இயன்றவரை கைக்கொள்ளும் வழி. அவ்வாறே ஆயிற்று. சகோதரிகளுக்கு வாய்க்காலோரத்துப் பின்மனையும், அங்கே போக ஒடுங்கிய நடைபாதையும், ஒரு தொகையும் கிடைத்தன. வழக்கில் வென்றவர்கள் அவர்கள்.

இதில் தவறு எங்கே நிகழ்ந்தது? ஆணையர் தம் கடமையைச் செய்தார். நீதிபதி சட்டப்படி நடந்தார். நன்றாக எழுந்து நிற்கும் ஒரு வீட்டை இடித்து மண்ணாக்குவது வீண்விரயம் என்பதை நம் மார்க்கமும் மறுக்காது. தம்பியோ எந்த ஆணையையும் மீறவில்லை.

சட்டத்தைப் பற்றி நம்மிடையே ஒரு தவறான எண்ணம் இருக்கிறது. வழக்குத் தொடுத்துவிட்டாலே அந்த இடத்தில் யாரும் ஒரு கல்லையும் நகர்த்தக் கூடாது என்று பலர் நினைக்கிறார்கள். 1882-ஆம் ஆண்டின் சொத்துரிமை மாற்றுச் சட்டத்தின் 52-ஆம் பிரிவை இதற்கு ஆதாரமாகக் காட்டுவோரும் உண்டு. அப்பிரிவின் முதன்மையான நோக்கம் விற்பனை போன்ற கைமாற்றங்கள். வழக்கு நிலுவையில் இருக்கும்போது ஒருவர் சொத்தை விற்றாலும் அந்த விற்பனை எதிர்த்தரப்பாரின் உரிமையைப் பாதிக்காது. வாங்கியவர் தீர்ப்புக்குக் கட்டுப்பட்டவராவார். கட்டடம் கட்டுவதைத் தடுக்க வேண்டுமானால் 1908-ஆம் ஆண்டின் உரிமையியல் நடைமுறைச் சட்டத்தில் 39-ஆம் கட்டளையின் கீழ்த் தனியே மனுச் செய்து, இடைக்காலத் தடை பெற வேண்டும். அத்தடையை மீறினால் சொத்து ஜப்தியாகலாம். மூன்று மாதம் வரை உரிமையியல் சிறையும் கிடைக்கலாம். தடை இல்லாத நாள்களில் சட்டம் பெரும்பாலும் வாய்மூடி நிற்கிறது. சட்டம் வாய்மூடி நிற்கும் அந்த இடைவெளியில்தான் ஒரு முஸ்லிமின் மனச்சாட்சி பேச வேண்டியிருக்கிறது.

நீதிமன்றத்தில் நாம் நாள்தோறும் வழங்கும் சொற்கள் சிலவற்றை எண்ணிப் பாருங்கள். தாவா என்பது அரபுச் சொல்; உரிமை கோருதல் என்பது அதன் பொருள். வக்கீல் என்றால் நாம் பொறுப்பை ஒப்படைத்தவர். சம்மனைக் கொண்டுவரும் அமீனாவின் பெயரில் அமானிதம் இருக்கிறது. முன்சீப் என்னும் சொல் இன்சாஃப் என்பதிலிருந்து வந்தது. அதன் வேரோ பாதி என்று பொருள்படும் நிஸ்ஃப். இரு தரப்பாரையும் சமமாக வைத்துப் பார்ப்பவர் முன்சீப். ஒரு தரப்பார் சுவரெழுப்பி முடித்தபின் அவர் எதைச் சமமாக வைத்துப் பார்ப்பார்?

தம்பியின் வீடு எழுந்த நாளில் நடந்தது இதுதான். அதுவரை நீதிமன்றத்தின் முன்னிருந்த கேள்வி, “இந்த மனை யாருடையது?” என்பது. வீடு எழுந்தபின் அது, “இந்த வீட்டை என்ன செய்வது?” என்று மாறிவிட்டது. முதற்கேள்வியில் சகோதரிகளும் தம்பியும் சரிநிகராக நின்றார்கள். இரண்டாம் கேள்வியில் தம்பியின் செலவும் அவர் மனைவி மக்களின் குடியிருப்பும் வந்து நின்றன. சகோதரிகளிடம் அதற்கு எதிராக வைக்க ஒன்றுமில்லை. கேள்வியை மாற்றியவர் நீதிபதியல்லர். வழக்கின் ஒரு தரப்பார், தம் பணத்தையே பணயமாக வைத்து, இன்னொருவரின் இசைவில்லாமல் மாற்றினார். தீர்ப்பு அவருக்குச் சாதகமாக வந்திருந்தாலும் இந்த மாற்றம் நிகழ்ந்ததுதான். ஆகவே தம் இடத்திலேயே கட்டியவரானாலும், தீர்ப்புக்கு முன் கட்டியதால் தமக்குரியதல்லாத ஒன்றை அவர் எடுத்துக்கொண்டார் என்றே நாம் கருதுகிறோம். அது மண்ணன்று, கேள்வி கேட்கப்படும் உரிமை.

இதற்கு நபிகள் நாயகம் (ஸல்) அவர்களின் காலத்திலேயே ஒரு முன்மாதிரி உண்டு. அபூதாவூதில் பதிவாகியுள்ள செய்தி அது. ஒருவரின் நிலத்தில் இன்னொருவர் பேரீச்ச மரங்களை நட்டுவிட்டார். வழக்கு நாயகத்திடம் வந்தது. நிலம் நிலத்துக்குரியவருக்கே என்று தீர்ப்பளித்த நாயகம் (ஸல்) அவர்கள், நட்டவர் தம் மரங்களை அகற்ற வேண்டும் என்றும் ஆணையிட்டார்கள். அநியாயமாக ஊன்றிய வேருக்கு எவ்வுரிமையும் கிடையாது என்னும் கருத்தும் அதனோடு வருகிறது. அறிவித்தவர் ஒரு சிறு விவரத்தையும் விடாமல் சொல்கிறார். கோடரிகள் அம்மரங்களின் அடியில் விழுவதைத் தாம் கண்டதாகவும், அவை நன்கு வளர்ந்த மரங்கள் என்றும் அவர் கூறுகிறார். வெட்டியவர்களுக்கும் கண்டவர்களுக்கும் அது எளிதாக இருந்திருக்காது. அரபு நாட்டில் காய்க்கும் பேரீச்சையின் அருமையைச் சொல்ல வேண்டியதில்லை. ஆயினும் மரத்தின் அருமை, நிலம் யாருடையது என்ற கேள்வியின் இடத்தைப் பிடித்துக்கொள்ள நாயகம் விடவில்லை. அங்கே நிகழ்ந்த விரயத்துக்குப் பொறுப்பு கோடரி பிடித்தவருக்கா, கன்று நட்டவருக்கா?

“ஆனால் நான் அநியாயமாக ஊன்றவில்லையே! என்னுடையது என்று நம்பித்தானே கட்டினேன்?” என்பார் தம்பி. இந்த வாதத்தை நம் சட்டமேதைகள் தள்ளிவிடவில்லை என்பதைச் சொல்லியாக வேண்டும். உதுமானியப் பேரரசு ஹனஃபி மத்ஹபின் அடிப்படையில் 1869 முதல் 1876 வரை தொகுத்து வெளியிட்ட மஜல்லாவின் 906-ஆம் விதி இதைப் பற்றியதே. கவர்ந்த நிலத்தில் கட்டினாலும் மரம் நட்டாலும் அவற்றை அகற்றி நிலத்தை ஒப்படைக்க வேண்டும் என்பது அதன் பொது நெறி. எனினும், தமக்கு முறையான உரிமை உண்டு என்ற எண்ணத்தில் ஒருவர் கட்டி, கட்டடத்தின் மதிப்பும் நிலத்தின் மதிப்பை விஞ்சிவிட்டால், அவர் நிலத்தின் விலையைக் கொடுத்துத் தாமே வைத்துக்கொள்ளலாம் என்று அவ்விதி இடந்தருகிறது. தந்தை வழியில் வந்த மனை என்று கட்டியபின் வேறொருவர் உரிமை கொண்டாடி வருவதையே அது எடுத்துக்காட்டாகவும் கூறுகிறது. நம் நாட்டுச் சொத்துரிமை மாற்றுச் சட்டத்தின் 51-ஆம் பிரிவிலும், நல்லெண்ணத்தோடு நிலத்தைச் செப்பம் செய்தவருக்கு இதை ஒத்த பாதுகாப்பு இருக்கிறது.

ஆனால் அந்த எடுத்துக்காட்டில் உரிமை கொண்டாடுபவர் எப்போது வருகிறார் என்பதைக் கவனியுங்கள். வீடு எழுந்தபின் வருகிறார். கட்டியவரின் காதில் அதுவரை எந்த மறுப்பும் விழவில்லை. நம் ஊர்த் தம்பியின் கையிலோ அழைப்பாணை வந்து மூன்றாண்டு ஆகியிருந்தது. அழைப்பாணை ஒருவரின் நம்பிக்கையைப் பொய்யாக்கிவிடாது. அவர் சொல்வதே உண்மையாகவும் இருக்கலாம். ஆயினும் அந்தத் தாளில் கையெழுத்திட்டு வாங்கிய கணத்திலிருந்து அவர் நம்பிக்கை, இன்னொருவர் மறுத்திருப்பதை அறிந்த நம்பிக்கையாக மாறிவிடுகிறது. அதன்பின் வைக்கும் ஒவ்வொரு செங்கல்லும் அந்த மறுப்பைக் கேட்டுக்கொண்டே வைக்கும் செங்கல். “நான் அறியேன்” என்ற கவசத்தை ஷரீஅத்தும் அவருக்குத் தராது, 51-ஆம் பிரிவும் எளிதில் தராது.

இனிச் சொல்லப்போவது நம் நெஞ்சைச் சுடக்கூடியது.

வழக்கு நடக்கையில் கட்டுவது எத்தகைய கொடுமை என்பதை இந்திய முஸ்லிம்களுக்கு யாரும் கற்பிக்க வேண்டியதில்லை. அயோத்தியின் உரிமை வழக்குகள் 1950 முதல் நிலுவையில் இருந்தன. 1991 அக்டோபரில் பாபர் மசூதியை ஒட்டிய 2.77 ஏக்கரை உத்தரப் பிரதேச அரசு கையகப்படுத்தியது. அங்கே நிலையான கட்டடம் எதுவும் எழுப்பக் கூடாது என்று அலகாபாத் உயர் நீதிமன்றம் ஆணையிட்டது. நீதிமன்ற ஆணைகளை மதிப்பதாக மாநில அரசு அளித்த உறுதியை 1991 நவம்பர் 15-இல் உச்ச நீதிமன்றமும் பதிவு செய்துகொண்டது. அப்படியிருந்தும் 1992 ஜூலையில் அங்கே கற்காரை மேடை எழுந்தது. அவ்வாண்டு டிசம்பர் 6 அன்று பள்ளிவாசல் இடித்துத் தள்ளப்பட்டது. இடிபாட்டின் மேல் உடனடியாக ஒரு தற்காலிகக் கோயிலும் எழுந்து, ஆண்டுக்கணக்கில் அங்கேயே நின்றது. ஜூலையில் மேடை கட்ட விட்டதற்காக அன்றைய முதலமைச்சர் கல்யாண் சிங்கை 1994 அக்டோபர் 24-இல் உச்ச நீதிமன்றம் நீதிமன்ற அவமதிப்புக் குற்றவாளியெனக் கண்டு, ஒரு நாள் சிறையும் இரண்டாயிரம் ரூபாய் அபராதமும் விதித்தது. 2019 நவம்பர் 9-இல் வந்த இறுதித் தீர்ப்பு, 1992-இன் இடிப்பைச் சட்டத்தின் ஆட்சிக்கு எதிரான மீறல் என்று கண்டித்துவிட்டு, இடத்தைக் கோயிலுக்கே கொடுத்து, பள்ளிவாசலுக்கு வேறிடத்தில் ஐந்து ஏக்கர் ஒதுக்கச் சொன்னது.

அந்த ஆண்டுகளில் நம் வீட்டுத் திண்ணைகளில் நாம் பேசியதெல்லாம் இதுவன்றோ? “கேட்டுக்கொண்டிருக்கும்போதே கட்டினால் கேட்பதற்கு என்ன பொருள்?” என்றுதானே கொதித்தோம்? அந்தக் கொதிப்பு நியாயமானது. அதே திண்ணையில் அதே ஆண்டுகளில், சகோதரியின் பிரிவினை வழக்கு நடந்துகொண்டிருக்க, மேல்தளத்துக்குக் கான்கிரீட் போட்டவர்களும் உட்கார்ந்திருந்தார்கள். அரசு துணைநின்ற ஒரு பேரநீதியையும் ஒரு குடும்பத்துக்குள் நடப்பதையும் அளவில் ஒன்றாக்கிவிட முடியாது. உயிர்கள் போனதும் ஊர்கள் எரிந்ததும் வேறு. ஆனால் பின்மனைக்கு ஒதுக்கப்பட்ட அக்காளுக்கு, “வேறிடத்தில் வாங்கிக்கொள்” என்னும் சொல்லின் சுவை என்னவென்று நம்மை விட யார் நன்கறிவார்?

பெண்மக்களின் பங்கு விஷயத்தில் நம் சமுதாயத்தின் கணக்கு பழையது. ஊர் வழக்கம் என்ற பெயரில் திருமறை வகுத்த பங்கை மறுத்த குடும்பங்கள் பல. 1937-ஆம் ஆண்டின் ஷரீஅத் சட்டம் வழக்கத்தைத் தள்ளி ஷரீஅத்தை நிலைநாட்டியபோது விவசாய நிலத்தை மட்டும் விட்டுவைத்தது. 1949-இல் சென்னை மாகாணம் அந்த விலக்கையும் நீக்கியது. சட்டத்தின் கதவு அடைபட்டபின் நம்மில் சிலர் கண்டுபிடித்த சன்னல்தான் செங்கல்லும் சிமிட்டியும்.

வீட்டோடு இது நின்றுவிடுவதுமில்லை. இரு ஜமாஅத்துகளுக்கிடையே வழக்கிலுள்ள இடத்தில், அல்லது பக்கத்து வீட்டார் உரிமை கோரும் இடத்தில், இரவோடிரவாகப் பள்ளிவாசலின் சுற்றுச்சுவரை நீட்டிவிட்டு, “அல்லாஹ்வின் வீட்டை யார் இடிப்பார்கள், பார்க்கலாம்” என்று மார்தட்டிய முத்தவல்லிகளை நாம் கண்டதுண்டு. மதீனாவில் மஸ்ஜிதுந் நபவி எழுந்த வரலாற்றை அவர்கள் ஓதியிருக்க மாட்டார்களா? அந்த நிலம் ஸஹ்ல், ஸுஹைல் என்ற இரு அநாதைச் சிறுவர்களுடையது. இனாமாகத் தர முன்வந்தபோதும் நாயகம் (ஸல்) அவர்கள் விலை கொடுக்காமல் ஏற்கவில்லை என்பது வரலாறு. அபகரித்த நிலத்தில் தொழும் தொழுகையைப் பற்றி இமாம்கள் நீண்ட ஆய்வு செய்திருக்கிறார்கள். அங்கே தொழுவது ஹராம் என்பதில் கருத்து வேறுபாடில்லை என்கிறார் இமாம் நவவீ (ரஹ்). தொழுகை நிறைவேறுமா என்பதில்தான் வேறுபாடு. நம்மிடையே கடற்கரையூர்களில் மிகுதியாகப் பின்பற்றப்படும் ஷாஃபிஈ மத்ஹபிலும், உள்நாட்டூர்களில் மிகுந்துள்ள ஹனஃபி மத்ஹபிலும் கடமை நீங்கிவிடும், பாவம் நீங்காது. ஹன்பலீ மத்ஹபின் பெயர்பெற்ற கருத்தின்படி தொழுகையே கூடாது. வழக்கிலுள்ள நிலம் அபகரித்த நிலமாகுமா என்று கேட்கலாம். தீர்ப்பு வரும்வரை தெரியாது என்பதே விடை. தெரியாத நிலத்தில் ஸஜ்தாவுக்கு அவசரப்படுவானேன்?

எழுந்துவிட்ட கட்டடமெல்லாம் இடிந்தே ஆகவேண்டும் என்று நாம் சொல்வதாக யாரும் கொள்ள வேண்டாம். டமாஸ்கஸின் பெரிய பள்ளிவாசலைக் கட்டும்போது கலீஃபா வலீத் அங்கிருந்த தேவாலயத்தையும் அதனோடு சேர்த்துக்கொண்டார். பின்னர் உமர் பின் அப்துல் அஸீஸ் (ரஹ்) ஆட்சிக்கு வந்ததும் கிறித்தவர்கள் அவரிடம் முறையிட்டனர். பள்ளிவாசலில் சேர்த்ததைத் திருப்பிக் கொடுக்கும்படி அவர் ஆளுநருக்கு எழுதினார் என்று பலாதுரீ குறிக்கிறார். ஊர் முஸ்லிம்கள் மனம் பதைத்துக் கிறித்தவர்களிடமே பேசினார்கள். கூத்தாப் பகுதியில் கைப்பற்றப்பட்டிருந்த தேவாலயங்களைத் திரும்பப் பெற்றுக்கொண்டு அவர்கள் இசைந்தார்கள், பள்ளிவாசல் நின்றது. இடிக்கப்படவில்லை என்ற வகையில் நம் ஊர்த் தம்பி வீட்டின் முடிவும் இதுவேதான். ஆனால் அங்கே கலீஃபா, “கட்டியாயிற்றே!” என்ற சொல்லை விடையாக ஏற்கவில்லை. உரிமை கோரியவர்கள் மனமிசைந்ததால் கட்டடம் நின்றது.

மறுபக்கத்தையும் பார்க்க வேண்டும். நம் நாட்டில் ஒரு பிரிவினை வழக்கு எத்தனை ஆண்டு நடக்கும் என்று எந்த வக்கீலும் சொல்லத் துணியமாட்டார். முதனிலைத் தீர்ப்பாணை, மேல்முறையீடு, இரண்டாம் மேல்முறையீடு, பிறகு இறுதித் தீர்ப்பாணை, அதற்கும் மேல்முறையீடு என்று தலைமுறை கடக்கும். இதை அறிந்தே பொய் வழக்குப் போடுகிறவர்கள் உண்டு. உரிமை ஏதும் இல்லாதவர் ஒரு மனுவைத் தாக்கல் செய்துவிட்டு, “தொகை கொடுத்தால் வாபஸ்” என்று ஆளனுப்புவதையும் நாம் அறிவோம். ஓடு பெயர்ந்து மழை ஒழுகும் வீட்டில் வயதுக்கு வந்த பெண்மக்களோடு இருக்கும் ஓர் ஏழையைப் பார்த்து, “தீர்ப்பு வரும்வரை கட்டாதே” என்று வசதியான நாற்காலியில் அமர்ந்து நாம் எழுதுவது எளிது. காத்திருப்பதன் பாரம் முழுவதையும் ஒருவர் தலையில் மட்டும் ஏற்றுவதும் அநீதியே. பொய்யென்று அறிந்தே வழக்கால் நிலத்தைப் பூட்டி வைப்பவர், சுவர் வைக்காமலே சுவர் வைத்தவர்.

இத்தகைய நிலைக்கு வழி இல்லாமலில்லை. நீதிமன்றத்திலேயே மனுச் செய்து, “தீர்ப்பு எனக்கு எதிராக வந்தால் இக்கட்டடத்தைக் காட்டி எந்தச் சலுகையும் கோரமாட்டேன்” என்று உறுதிமொழி கொடுத்துவிட்டுக் கட்ட அனுமதி பெறுவோர் உண்டு. தகுந்த வழக்குகளில் நீதிமன்றங்கள் இந்நிபந்தனையின் பேரில் இடந்தருகின்றன. கேள்வியை மாற்றாமல் கூரையை மட்டும் மாற்றுவது என்று இதைச் சொல்லலாம். எதிர்த்தரப்பாரை அழைத்து, அவர்கள் கேட்கும் பகுதியைத் தொடாமல் மற்ற பகுதியில் கட்டலாம். இருவருக்கும் நம்பிக்கையான ஆலிமையோ ஊர்ப் பெரியவரையோ நடுவில் வைத்துப் பேசலாம். தடை வருமுன் முடித்துவிட வேண்டும் என்று வெள்ளிக்கிழமையைத் தேடுகிறவருக்கு மட்டும் இவ்வழிகள் கண்ணில் படுவதில்லை. வீட்டின் தேவைக்காகக் கட்டுகிறவரையும் வழக்கின் தேவைக்காகக் கட்டுகிறவரையும் பிரித்தறிய, கொத்தனாருக்குப் பேசிய கூலியைக் கேட்டாலே போதும்.

சுவனத்துக்கு நன்மாராயம் கூறப்பட்ட பதின்மருள் ஒருவரான ஸயீத் பின் ஸைத் (ரலி) அவர்கள் மீது அர்வா என்ற பெண்மணி நில வழக்குக் கொண்டு வந்ததை நம் பயான்களில் அடிக்கடி கேட்கிறோம். தம் நிலத்தை அவர் எடுத்துக்கொண்டார் என்று அப்பெண் மதீனாவின் ஆளுநர் மர்வானிடம் முறையிட்டார். ஏழு பூமிகளைப் பற்றிய நபிமொழியைத் தம் காதாற கேட்டபின் தாம் அதைச் செய்வோமா என்றார் ஸயீத் (ரலி). அதன்பின் தம்மிடம் சான்று எதுவும் கேட்கப்போவதில்லை என்று மர்வான் சொல்லிவிட்டார். இருந்தும் அவர் நிலத்தை அப்பெண்ணுக்கே விட்டுவிட்டார். பொய் சொன்ன பெண் பார்வை இழந்து, அதே நிலத்திலிருந்த பள்ளத்தில் விழுந்து மடிந்த பகுதியைத்தான் நம் பேச்சாளர்கள் குரலுயர்த்திச் சொல்கிறார்கள். ஆளுநரே தம் பக்கம் சாய்ந்தபின்னும் ஒருவர் நிலத்தின் மேலிருந்து தம் கையை எடுத்ததைச் சொல்லும்போது குரல் தாழ்ந்துவிடுகிறது.

இன்னொரு செய்தி உம்மு ஸலமா (ரலி) அவர்கள் வழியாக வருவது. பழைய வாரிசுச் சொத்தொன்றைப் பற்றிய வழக்கோடு இருவர் நாயகத்திடம் வந்தார்கள். இருவரிடமும் சான்றில்லை. தாமும் மனிதரே என்றும், சொல்வன்மை மிக்கவரின் பக்கம் தீர்ப்பு அமைந்துவிடக் கூடும் என்றும், பிறர் உரிமையை அவ்வாறு பெற்றவர் பெறுவது நெருப்புத் துண்டமே என்றும் பொருள்பட நாயகம் (ஸல்) அவர்கள் எச்சரித்தார்கள். கேட்ட இருவரும் அழுதுவிட்டார்கள். என் உரிமை உனக்கே என்று ஒருவர் மற்றவருக்கு விட்டுக்கொடுக்க முனைந்தார்கள். நாயகமோ அதையும் அப்படியே விட்டுவிடவில்லை. நேர்மையை நாடிப் பங்கிட்டு, சீட்டுக் குலுக்கி எடுத்துக்கொண்டு, பின்னர் ஒருவரையொருவர் பொறுத்துக்கொள்ளும்படி சொன்னார்கள். சீட்டுக் குலுக்க வேண்டுமானால் இரு பங்கும் வெறுமையாக இருந்தாக வேண்டும்.

நம் ஊர்த் தம்பிக்கு இன்று எழுபது வயதிருக்கும். மூத்த சகோதரி இறுதித் தீர்ப்பாணை வருவதற்கு முந்திய ரமலானில் காலமாகிவிட்டார். பின்மனையை அவர் பிள்ளைகள் யாருக்கோ விற்றுவிட்டார்கள். தம்பி ஐந்து வக்துக்கும் பள்ளிவாசலுக்கு வந்துவிடுகிறார். ஐப்பசி மழையில் தெரு முழங்கால் அளவு நீராகி நிற்கும்போதும், காய்ச்சலில் உடம்பு நடுங்கும்போதும், தஹஜ்ஜுதுக்குக்கூட அவர் குடையோடு வருவதைப் பார்த்து இளைஞர்களுக்கு அவரை முன்மாதிரியாகக் காட்டுகிறார்கள். வீட்டின் கூடத்தில் விலையுயர்ந்த கம்பளம் விரித்துத் தொழுகைக்கென்றே ஓர் இடம் அமைத்திருக்கிறாரே, இந்த முதுமையில் ஏன் இத்தனை சிரமம் என்று ஒருநாள் நாம் கேட்டோம். “அந்தக் கூடம் அக்காவின் பங்கில் விழுந்திருக்குமோ என்னவோ, சீட்டுக் குலுக்கிப் பார்க்கவில்லையே” என்று சொல்லிவிட்டு ஒளுச் செய்ய ஹவுளை நோக்கி நடந்தார்.